ஓடும் காட்சி தாளில் நிற்பது எப்படி?

மாணவர்களே, உங்கள் வீட்டு அலமாரியில் பழைய விசிடி ஏதும் இருக்கிறதா? பெற்றோரின் திருமணம், அக்காளின் முதல் பிறந்தநாள், தைப்பூசத்திற்குப் பத்துமலை சென்ற பயணம் என ஏதாவது ஒன்று அதில் பதிவாகியிருக்கலாம். இன்று நம்மோடு இல்லாத தாத்தாவோ பாட்டியோ அந்தக் காட்சியில் சில விநாடிகள் சிரித்திருக்கலாம். அவருடைய நல்ல நிழற்படம் வீட்டில் வேறு இல்லையென்றால், "அந்தச் சிரிப்பை மட்டும் ஒரு படமாக அச்செடுத்துக் கொடு" என்று பெரியவர்கள் உங்களிடம்தான் கேட்பார்கள். கணினி தெரிந்த பிள்ளை நீங்கள்தானே!

காணொளியை நிறுத்தி, ஒரு பொத்தானை அமுக்கி, அச்சுப்பொறிக்கு அனுப்பினால் போதும் என்று தோன்றும். ஆனால், வந்து விழும் படம் பல நேரங்களில் மங்கலாக இருக்கிறது. சில சமயம் முகம் ஒல்லியாகத் தெரிகிறது. சில சமயம் கையைச் சுற்றிச் சீப்பின் பற்கள்போலக் கோடுகள் நிற்கின்றன. இவை ஒவ்வொன்றுக்கும் காரணம் உண்டு. அதைப் புரிந்துகொள்ள, நம் கண்ணுக்குத் தெரியாமல் உழைக்கும் 'நூலகக் கோப்புகள்' என்பவற்றை முதலில் அறிந்துகொள்வோம்.

நூலகக் கோப்பு என்றால் என்ன?

கல்யாண வீட்டில் சமைக்க வருபவர் அண்டாவையும் கரண்டியையும் தாமே அடித்துச் செய்வதில்லை. ஏற்கெனவே செய்யப்பட்டதை எடுத்துப் பயன்படுத்துகிறார். மென்பொருள் எழுதுபவர்களும் அப்படித்தான். காணொளியை விரிப்பது, நிறத்தை மாற்றுவது, படத்தைச் சேமிப்பது போன்ற பொதுவான வேலைகளுக்கான நிரல்களை ஒருவர் எழுதி ஒரு கோப்பில் வைத்துவிட்டால், மற்றவர்கள் அதை அழைத்துப் பயன்படுத்தலாம். அதுவே நூலகக் கோப்பு.

விண்டோஸ் கணினியில் இத்தகைய கோப்புகளின் பெயர் 'டிஎல்எல்' என முடியும். லினக்ஸில் 'எஸ்ஓ', மேக் கணினியில் 'டைலிப்' என முடியும். இவற்றை நீங்கள் இருமுறை சொடுக்கித் திறக்க முடியாது. வேறொரு மென்பொருள் அழைக்கும்போதுதான் இவை வேலைக்கு வரும்.

இதில் இன்னொரு வசதியும் உண்டு. பள்ளி அறிவியல் கூடத்தில் இருக்கும் ஒரே நுண்ணோக்கியைப் பல வகுப்புகள் பகிர்ந்துகொள்வதுபோல, கணினியின் நினைவகத்தில் இருக்கும் ஒரே நூலகத்தைப் பல மென்பொருள்கள் ஒரே நேரத்தில் பகிர்ந்துகொள்ளலாம். அதனால் இடம் மிச்சமாகிறது.

காணொளித் துறையில் மிகவும் புகழ்பெற்ற நூலகத் தொகுப்பு 'எஃப்எஃப்எம்பெக்'. பிரான்ஸ் நாட்டைச் சேர்ந்த ஃபாப்ரிஸ் பெல்லார்டு 2000-ஆம் ஆண்டில் இதைத் தொடங்கினார். பின்னர் பல நாடுகளின் நிரலர்கள் சேர்ந்து வளர்த்தார்கள். நீங்கள் காணொளி பார்க்கப் பயன்படுத்தும் விஎல்சி மென்பொருளுக்குள்ளும் இதன் நூலகம் உழைக்கிறது. அந்த விஎல்சியும் 1996-இல் பாரிஸ் நகரக் கல்லூரி ஒன்றில் மாணவர்களின் திட்டப்பணியாகத் தொடங்கியதுதான்.

இனி, ஒரு காட்சி தாளுக்கு வரும் வழியைப் படிப்படியாகப் பார்ப்போம்.

படி 1: கட்டைப் பிரித்தல்

ஒரு காணொளிக் கோப்பு உண்மையில் ஒரு கொள்கலன். படமும் ஒலியும் சிறுசிறு பொட்டலங்களாக மாறி மாறி அதில் அடுக்கப்பட்டிருக்கும். எந்தப் பொட்டலம் எந்த நேரத்திற்கு உரியது என்ற குறிப்பும் இருக்கும். 'லிப்ஏவிஃபார்மெட்' என்ற நூலகம் இந்தக் கட்டைப் பிரித்து, படப் பொட்டலங்களைத் தனியாகவும் ஒலிப் பொட்டலங்களைத் தனியாகவும் எடுத்துக் கொடுக்கிறது. நமக்கு அச்சிட ஒலி தேவையில்லை. படப் பொட்டலங்கள் மட்டும் அடுத்த படிக்குப் போகின்றன.

படி 2: சுருக்கத்தை விரித்தல்

காணொளி என்பது வேகமாக மாறும் நிலைப்படங்களின் வரிசை. ஒவ்வொரு நிலைப்படத்தையும் 'சட்டகம்' என்கிறோம். முழு உயர்தெளிவுக் காணொளியில் ஒரு சட்டகத்தின் அகலம் 1920 படப்புள்ளிகள், உயரம் 1080 படப்புள்ளிகள். ஆக மொத்தம் 20,73,600 புள்ளிகள். ஒவ்வொரு புள்ளிக்கும் சிவப்பு, பச்சை, நீலம் என 3 பைட் தேவையென்றால், ஒரு சட்டகத்திற்கு ஏறக்குறைய 6.2 மெகாபைட். விநாடிக்கு 30 சட்டகங்கள் என்றால் 186 மெகாபைட். ஒரு நிமிடத்திற்கு 11 ஜிகாபைட்டைத் தாண்டிவிடும்!

ஆனால், உங்கள் விவேகக் கைப்பேசியில் எடுத்த ஒரு நிமிடக் காணொளி அவ்வளவு இடத்தைப் பிடிப்பதில்லை. காரணம், எல்லாச் சட்டகங்களும் முழுமையாகச் சேமிக்கப்படுவதில்லை.

பாட்டி நாற்காலியில் அமர்ந்து பேசுகிறார் என்று வைத்துக்கொள்வோம். பின்னாலுள்ள சுவர் மாறவில்லை, நாற்காலி மாறவில்லை, உதடும் கையும்தான் அசைகின்றன. ஆகவே, எப்போதாவது ஒருமுறை மட்டும் ஒரு முழுப் படம் சேமிக்கப்படுகிறது. இதை 'ஐ' சட்டகம் என்பார்கள். இடையில் வருபவற்றில் 'என்ன மாறியது' என்ற குறிப்பு மட்டுமே இருக்கும். முந்தைய சட்டகத்தை வைத்துக் கணிப்பது 'பி' சட்டகம். முன்னும் பின்னும் உள்ள இரண்டையும் வைத்துக் கணிக்கும் இன்னொரு வகையும் உண்டு.

இந்தக் குறிப்புகளைப் படித்து முழுப் படமாக மீட்டெடுப்பது 'லிப்ஏவிகோடெக்' நூலகத்தின் பணி. நீங்கள் இரண்டாம் நிமிடம் 15-ஆம் விநாடியில் நிறுத்தினால், அது அதற்கு முன்னுள்ள முழுப் படத்திற்குச் சென்று, அங்கிருந்து ஒவ்வொரு மாற்றத்தையும் சேர்த்துக்கொண்டே நீங்கள் கேட்ட சட்டகத்திற்கு வந்து சேரும். பக்கத்து நண்பரின் கணக்கைப் பாதியிலிருந்து புரிந்துகொள்ள முடியாமல் முதல் வரிக்குப் போகிறீர்கள் அல்லவா, அதுபோலத்தான்.

இதிலிருந்து ஒரு பயனுள்ள பாடம் கிடைக்கிறது. முழுப் படமாகச் சேமிக்கப்பட்ட சட்டகம் பெரும்பாலும் இடைப்பட்டவற்றைவிடத் தெளிவாக இருக்கும். எனவே ஒரே இடத்தில் நிறுத்தி எடுத்துவிடாமல், முன்னும் பின்னும் நகர்த்திச் சில சட்டகங்களை எடுத்து ஒப்பிட்டுப் பாருங்கள்.

படி 3: கோணலைச் சரிசெய்தல்

விரித்த சட்டகம் உடனே அச்சுக்குப் போக முடியாது. பழைய காணொளிகளில் மூன்று சிக்கல்கள் உண்டு.

முதலாவது, சீப்புக் கோடுகள். மலேசியாவிலும் சிங்கப்பூரிலும் முன்பு இருந்த தொலைக்காட்சி முறை 'பால்' எனப்பட்டது. அதில் விநாடிக்கு 25 சட்டகங்கள். ஒவ்வொரு சட்டகமும் இரண்டு பாதிகளாகப் பதிவாகும்: ஒற்றைப்படை வரிகள் ஒருமுறை, இரட்டைப்படை வரிகள் 1/50 விநாடி கழித்து மறுமுறை. அந்த இடைவெளியில் கை அசைந்திருந்தால், இரண்டு பாதிகளும் பொருந்தாது. டிவிடியிலிருந்தோ பழைய நாடா ஒளிப்பதிவுக் கருவியிலிருந்தோ படம் எடுக்கும்போது தெரியும் சீப்புப் பற்கள் இவைதாம். ஒரு பாதியை மட்டும் வைத்துக்கொண்டு, விடுபட்ட வரிகளை அண்டை வரிகளிலிருந்து கணக்கிட்டு நிரப்பும் வடிகட்டி நூலகத்தில் இருக்கிறது. விஎல்சியிலும் அதை இயக்கலாம்.

இரண்டாவது, ஒல்லி முகம். பால் முறை டிவிடியில் சேமிக்கப்பட்டிருப்பது 720 × 576 புள்ளிகள். ஆனால், அது காட்டப்பட வேண்டிய விகிதம் பெரும்பாலும் 4:3. அதாவது 768 × 576. இந்த விகிதக் குறிப்பைப் பின்பற்றாத மென்பொருள், படத்தை அப்படியே எழுதிவிடும். வட்டமான முகம் நீண்டு ஒடுங்கிவிடும். பாட்டி இளைத்துவிட்டார் என்று நினைக்காதீர்கள். அகலத்தை 768 ஆக மாற்றினால் போதும்.

மூன்றாவது, நிறம். மனிதக் கண் ஒளியின் வேறுபாட்டை நுட்பமாக உணரும். நிறத்தின் வேறுபாட்டை அந்த அளவுக்கு உணராது. எனவே பெரும்பாலான காணொளிகளில் ஒளி விவரம் ஒவ்வொரு புள்ளிக்கும் உண்டு. நிற விவரமோ நான்கு புள்ளிகளுக்கு ஒன்றுதான். மேலும், காணொளியில் கறுப்பு பெரும்பாலும் 16 என்ற எண்ணில் தொடங்கி, வெள்ளை 235-இல் முடியும். நிழற்படத்திலோ கறுப்பு 0, வெள்ளை 255. இந்த மாற்றத்தைச் செய்வது 'லிப்எஸ்டபிள்யூஸ்கேல்' என்ற நூலகம். மாற்றம் தவறினால், கறுப்புத் தலைமுடி சாம்பல் பூத்ததுபோல வெளிறித் தெரியும்.

படி 4: படமாகச் சேமித்தல்

சரிசெய்த சட்டகத்தை இப்போது ஒரு படக் கோப்பாக எழுத வேண்டும். 'ஜேபெக்' வகைக்கு 'லிப்ஜேபெக்' என்ற நூலகம் 1991-இலிருந்து புழக்கத்தில் உள்ளது. ஜேபெக் கோப்பு சிறியது; ஆனால், சேமிக்கும்போது சிறிது விவரத்தை இழக்கும். 'பிஎன்ஜி' வகை எதையும் இழக்காது. காணொளி ஏற்கெனவே ஒருமுறை சுருக்கப்பட்டது. அதை மீண்டும் சுருக்குவது, பிழிந்த தேங்காய்ப்பூவை இன்னொரு முறை பிழிவதுபோல. ஆகவே, அச்சுக்குப் பிஎன்ஜியே நல்லது.

படி 5: ஒளியிலிருந்து மைக்கு

திரை ஒளியால் ஆனது. சிவப்பு, பச்சை, நீல ஒளிகள் கூடும்போது வெண்மை பிறக்கிறது. தாள் அப்படியல்ல. அங்கே வெண்மை முதலிலேயே இருக்கிறது. மை அதிலிருந்து ஒளியை உறிஞ்சிக் குறைக்கிறது. அதனால்தான் அச்சுப்பொறிக்குள் வான்நீலம், ஊதாச் சிவப்பு, மஞ்சள், கறுப்பு என வேறு நான்கு நிறங்கள் இருக்கின்றன. திரையில் பளிச்சென்று தெரிந்த பச்சைப் பட்டுச் சேலை தாளில் சற்று மங்குவதற்கும் இதுவே காரணம்.

சாதாரண மைப்பீச்சு அச்சுப்பொறியால் வெளிர்நீல மையை உருவாக்க முடியாது. நீலப் புள்ளிகளை இடைவெளிவிட்டு வைக்கிறது. தூரத்திலிருந்து பார்க்கும் நம் கண் அதை வெளிர்நீலமாகக் கலந்துகொள்கிறது. எந்தப் புள்ளியை எங்கே வைப்பது என்பதைக் கணக்கிட ஒரு புகழ்பெற்ற வழிமுறையை ராபர்ட் ஃபிளாய்டும் லூயிஸ் ஸ்டைன்பெர்க்கும் 1976-இல் வெளியிட்டார்கள். ஓரிடத்தில் புள்ளி வைத்ததால் ஏற்படும் பிழையை அண்டைப் புள்ளிகளுக்குப் பங்கிட்டுக் கொடுப்பதே அதன் உத்தி.

இந்தக் கடைசிக் கட்டத்தைக் கவனிப்பவை அச்சு இயக்கியும் அச்சு நூலகங்களும். லினக்ஸ், மேக் கணினிகளில் 'கப்ஸ்' என்ற அமைப்பு இந்தப் பொறுப்பை ஏற்கிறது. அதன் முதல் பதிப்பு 1999-இல் வந்தது.

எவ்வளவு பெரிதாக அச்சிடலாம்?

நல்ல நிழற்படத்திற்கு ஓர் அங்குலத்திற்கு 300 படப்புள்ளிகள் இருப்பது நலம். கையில் பிடித்துப் பார்க்க 200 இருந்தாலும் பரவாயில்லை. நிழற்படக் கடையில் கிடைக்கும் '4ஆர்' அளவின் அகலம் 6 அங்குலம். அகலப் புள்ளிகளை 6-ஆல் வகுத்துப் பாருங்கள்.

விசிடி: 352 ÷ 6 = ஏறக்குறைய 59
டிவிடி: 768 ÷ 6 = 128
முழு உயர்தெளிவு: 1920 ÷ 6 = 320
4கே: 3840 ÷ 6 = 640

விசிடியின் 352 புள்ளிகளை 300-ஆல் வகுத்தால் 1.17 அங்குலம்தான் வரும். அதாவது 3 சென்டிமீட்டர். அந்த அளவில் அச்சிட்டால் தெளிவாக இருக்கும். சுவரில் மாட்டும் அளவுக்குப் பெரிதாக்கினால் கட்டம் கட்டமாகத் தெரியும். இது அச்சுப்பொறியின் குற்றமன்று. கோப்பில் அவ்வளவு விவரம்தான் இருக்கிறது.

சிலர் திரையை அப்படியே படம்பிடித்து அச்சிடுவார்கள். உங்கள் மடிக்கணினித் திரை 1366 × 768 என்றால், முழு உயர்தெளிவுக் காணொளியின் பாதிப் புள்ளிகளை அங்கேயே இழந்துவிடுவீர்கள். அதேபோல, புலனம் வழியே சாதாரணமாக அனுப்பப்படும் காணொளி சுருக்கப்பட்டே வந்து சேரும். எடுத்தவரிடம் மூலக் கோப்பைக் கேட்டு வாங்குங்கள்.

தெளிவாக்குவதா, புனைவதா?

"செயற்கை நுண்ணறிவுச் செயலி இருக்கிறதே, ஒரே சொடுக்கில் தெளிவாக்கிவிடுமே" என்று நீங்கள் கேட்கலாம். அது என்ன செய்கிறது என்று எண்ணிப் பாருங்கள். 59 புள்ளி இருந்த இடத்தில் 300 புள்ளி வேண்டுமானால், மீதியை எங்கிருந்தோ கொண்டுவர வேண்டும். அந்தச் செயலி தான் பயின்ற வேறு எத்தனையோ முகங்களை வைத்து ஊகித்து நிரப்புகிறது. படம் அழகாக வரும். ஆனால், தாத்தாவின் கன்னத்து மச்சம் காணாமல் போகலாம். அவரிடம் இல்லாத பல்வரிசை வந்து சேரலாம். அவரைப் பார்த்திராத பேரப்பிள்ளை அந்த முகத்தைத்தான் தாத்தா என்று நம்பும்.

ஊகிக்காமல் தெளிவு கூட்ட ஒரு வழி உண்டு. தாத்தா அசையாமல் இருக்கும் பகுதியில் அடுத்தடுத்துள்ள பல சட்டகங்களை எடுத்து, ஒவ்வொரு புள்ளிக்கும் சராசரி காணுங்கள். படத்திலுள்ள மணல்போன்ற இரைச்சல் சட்டகத்துக்குச் சட்டகம் தாறுமாறாக மாறும்; முகம் மாறாது. சராசரி எடுக்கும்போது இரைச்சல் அடங்கி, முகம் நிலைக்கும். 16 சட்டகங்களைச் சேர்த்தால், இரைச்சல் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்காகக் குறையும். 16-இன் வர்க்கமூலம் 4 என்பதே இதற்குப் பின்னாலுள்ள கணக்கு. வானியலாளர்கள் மங்கலான விண்மீன்களைப் படமெடுக்கக் கையாளும் உத்தியும் இதுதான்.

செயலியைப் பயன்படுத்தவே கூடாது என்பதில்லை. பயன்படுத்தினால், படத்தின் பின்புறம் அதைக் குறித்து வையுங்கள். மூலச் சட்டகத்தையும் தனியாகச் சேமித்து வையுங்கள்.

டிஎல்எல் காணவில்லையா? நிதானம்!

மென்பொருளைத் திறக்கும்போது 'இன்ன டிஎல்எல் கோப்பு காணப்படவில்லை' என்ற அறிவிப்பு வரலாம். மென்பொருள் தனக்கு வேண்டிய நூலகத்தைத் தேடிக் கண்டுபிடிக்க முடியவில்லை என்பதே இதன் பொருள். உடனே அந்தப் பெயரை இயங்கலையில் தேடி, முன்பின் தெரியாத தளத்திலிருந்து பதிவிறக்கம் செய்யாதீர்கள். நூலகக் கோப்பு என்பது இயங்கக்கூடிய நிரல். மென்பொருளுக்குக் கிடைத்துள்ள அதே அனுமதியோடு அதுவும் இயங்கும். தீய நோக்கமுள்ள ஒருவர் அதே பெயரில் வேறொன்றை வைத்திருந்தால், கதவைத் திறந்து வரவேற்பதுபோல ஆகிவிடும். மென்பொருளை நீக்கிவிட்டு, அதை உருவாக்கியவர்களின் தளத்திலிருந்து மீண்டும் நிறுவுவதே சரியான வழி.

நல்ல நூலகத்திலும் பிழை இருக்கலாம். 2023 செப்டம்பரில், 'வெப்பி' வகைப் படங்களை விரிக்கும் 'லிப்வெப்பி' நூலகத்தில் கடுமையான பாதுகாப்புக் குறை கண்டறியப்பட்டது. அந்த ஒரே நூலகத்தைக் குரோம், ஃபயர்ஃபாக்ஸ் உள்ளிட்ட பல மென்பொருள்கள் பயன்படுத்தியதால், அவை அனைத்தும் அவசரமாகப் புதுப்பிக்கப்பட்டன. பகிர்ந்துகொள்வதன் நன்மையும் ஆபத்தும் இதில் ஒருசேரத் தெரிகின்றன. 'புதுப்பிக்கவும்' என்று கணினி கேட்கும்போது தள்ளிப்போடாதீர்கள்.

செய்து பாருங்கள்

1. பழைய வட்டு இருந்தால், முதலில் அதைக் கணினிக்கு நகலெடுங்கள். வட்டுகள் நாளடைவில் கெடும். விசிடியில் 'எம்பெக்ஏவி' என்ற கோப்புறைக்குள் இருக்கும் பெரிய கோப்புதான் காணொளி. அதை விஎல்சியில் திறக்கலாம்.

2. காட்சியை நிறுத்திவிட்டு, விசைப்பலகையில் ஆங்கில அரிச்சுவடியின் ஐந்தாம் எழுத்தை அமுக்குங்கள். ஒவ்வொரு சட்டகமாக நகரும். பிடித்த இடத்தில், காணொளிப் பட்டியலிலுள்ள படம்பிடிக்கும் கட்டளையைத் தேர்ந்தெடுங்கள்.

3. ஒரே நொடிக்குள் ஐந்து சட்டகங்களை எடுத்து அருகருகே வைத்துப் பாருங்கள். எது தெளிவானது? ஏன் என்று எழுதுங்கள்.

4. இந்த நாளிதழில் உள்ள ஏதேனும் ஒரு வண்ணப்படத்தை உருப்பெருக்கிக் கண்ணாடியால் பாருங்கள். எத்தனை நிறப் புள்ளிகள் தெரிகின்றன?

சிந்திக்க

• 4கே காணொளியின் ஒரு சட்டகத்தை 300 புள்ளி அடர்த்தியில் அச்சிட்டால், அதன் அகலமும் உயரமும் எத்தனை அங்குலம்? (சட்டகம் 3840 × 2160.)

• கை விநாடிக்கு ஒரு மீட்டர் வேகத்தில் அசைகிறது. கருவி ஒளியை உள்வாங்கும் நேரம் 1/50 விநாடி. அந்த நேரத்தில் கை எத்தனை சென்டிமீட்டர் நகரும்? அந்த மங்கலை எந்த நூலகத்தாலாவது முழுமையாகப் போக்க முடியுமா?

விடைகள்: முதல் கேள்விக்கு 12.8 அங்குலமும் 7.2 அங்குலமும். இரண்டாவதற்கு 2 சென்டிமீட்டர். அதன் பிற்பகுதியை உங்கள் அறிவியல் ஆசிரியரோடு கலந்து பேசுங்கள். பேசும் முன், அந்த விசிடியை நகலெடுத்து வைத்துவிடுங்கள்.